மூன்றரை வயதுப் பிள்ளைக்கு ஜன்னலைப் பற்றி எப்படிச் சொல்லிக்கொடுப்பது?

#1 மழைத்துளி

நேற்று மாலை நடந்ததை முதலில் எழுதிவிடுகிறேன், அப்புறம் கேள்விக்கு வருகிறேன். கை நடுக்கம் இன்னும் முழுதாக நிற்கவில்லை. வாக்கியம் முன்னே பின்னே இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

வீடு மூன்றாம் மாடியில். மகனுக்கு மூன்றரை வயது, மகளுக்கு ஒன்றரை. அவர் இரவு வேலைக்குக் கிளம்பிக் கீழே இறங்கிக்கொண்டிருந்தார். நான் கட்டிலில் துணி மடித்துக்கொண்டிருந்தேன். அடுத்த அறையில் எதையோ தரையில் இழுக்கும் சத்தம். காதில் விழுந்தது, மனதில் ஏறவில்லை. இரண்டு சட்டை மடித்த பிறகுதான் அந்தச் சத்தம் நின்றுபோனது உறைத்தது.

போய்ப் பார்த்தால், பொம்மைப் பெட்டியை ஜன்னலுக்கு அடியில் தள்ளிக்கொண்டு வந்து அதன்மேல் ஏறி, ஒரு முழங்காலை ஜன்னல் திண்டில் ஊன்றியிருக்கிறான். நெற்றி கொசுவலையில் அழுந்தி, வலை வெளிப்பக்கமாகப் பை போலப் புடைத்திருக்கிறது. கீழ் மூலையில் வலை ஃபிரேமை விட்டுப் பிரிந்து ஒரு விரல் அகலத்துக்கு வெளிச்சம் தெரிகிறது. எனக்குக் கத்தக்கூட வாய் வரவில்லை. இடுப்பைப் பிடித்துத் தூக்கிவிட்டேன். "அப்பாவுக்கு டாட்டா சொல்லணும்" என்று கையை உதறுகிறான். ஒன்று வைத்தேன். அப்புறம் அவனைக் கட்டிக்கொண்டு நானும் அழுதேன்.

இன்று காலை திரும்பவும் அதே ஜன்னலடியில் நிற்கிறான்!

"ஜன்னல் கிட்டப் போகாதே" என்று ஆயிரம் தடவை சொல்லியிருக்கிறேன். பூட்டு, கம்பி எல்லாம் பிறகு பார்த்துக்கொள்ளலாம். இந்த வயதுப் பிள்ளைக்குப் புரிகிற மாதிரி இதை எப்படிச் சொல்வது? உங்கள் வீட்டில் என்ன சொன்னீர்கள்?

#2 இரட்டைவால்அப்பா

பூட்டைப் "பிறகு" என்று தள்ளாதீர்கள் சகோதரி. அந்தப் பொம்மைப் பெட்டி இப்போது எங்கே இருக்கிறது? அதற்கு மட்டும் முதலில் பதில் சொல்லுங்கள்.

#3 மழைத்துளி

அடுத்த அறைக்கு மாற்றிவிட்டேன். ஜன்னலையும் சாத்தித் தாழ்ப்பாள் போட்டிருக்கிறேன். ஆனால் வெயில் காலம், எத்தனை நாள் சாத்தியே வைப்பது? தாழ்ப்பாள் போட்டதை அவன் உன்னிப்பாகப் பார்த்துக்கொண்டிருந்தான் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

#4 கண்ணாடிக்காரர்

19 வருடமாக ஜன்னல் மாட்டுவதுதான் என் பிழைப்பு. கற்றுக்கொடுப்பது பற்றி எனக்குத் தெரியாது. ஜன்னலைப் பற்றித் தெரியும்.

அந்தக் கொசுவலை. அதை ஃபிரேமில் பிடித்து வைத்திருப்பது ஓரத்தில் அழுத்திவிட்ட மெல்லிய ரப்பர் பீடிங், அவ்வளவுதான். கழற்றிக் கழுவி மாட்ட வசதியாக இருக்க வேண்டும் என்றே அப்படிச் செய்கிறோம். கட்டைவிரலால் மூலையில் ஒரு தள்ளுத் தள்ளினால் வந்துவிடும். கொசுவை நிறுத்தும், பிள்ளையின் எடையைத் தாங்காது. வலை இருக்கிறதே என்று நம்பி ஜன்னலைத் திறந்து வைக்கும் வீடுகளைப் பார்த்தால் எனக்கு வயிற்றைக் கலக்கும். வலை இல்லாத ஜன்னலிடம் பெற்றவர்கள் கவனமாகவாவது இருப்பார்கள்.

பிள்ளை கை வைக்கக்கூடிய ஜன்னல் 10 செ.மீ.க்கு மேல் திறக்கக் கூடாது. பல நாட்டு விதிகளிலும் இந்த அளவுதான் சுற்றிச் சுற்றி வரும். அமெரிக்காவில் 4 அங்குலம், அதாவது 10 செ.மீ.க்குச் சற்று மேல். ஆஸ்திரேலியாவின் நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தில் அடுக்குமாடி வீடுகளுக்கு 12.5 செ.மீ.க்குக் குறைவு. சோதித்துப் பார்க்கச் சுலபமான வழி ஒன்று உண்டு. 10 செ.மீ. விட்டமுள்ள பந்து ஒன்றை எடுத்துத் திறப்பில் நுழைத்துப் பாருங்கள். நுழைந்தால் பிள்ளையும் நுழையும் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

உங்கள் ஜன்னல் எந்த வகை? பக்கவாட்டில் நகர்வதா, வெளியே திறக்கும் கதவு வைத்ததா?

#5 மழைத்துளி

நகர்வது. இரண்டு கதவு. திண்டு என் முழங்காலுக்குச் சற்று மேலே.

#6 கண்ணாடிக்காரர்

அது தாழ்வு. பெட்டியே இல்லாமலும் இன்னும் கொஞ்ச நாளில் ஏறிவிடுவான்.

நகரும் ஜன்னலுக்கு வேலை சுலபம். கீழ் டிராக்கில் இறுக்கும் உலோக ஸ்டாப்பர் கிடைக்கும். ஆறுமூலைச் சாவி போட்டு இறுக்குவது பாருங்கள், அந்த மாதிரி. 10 செ.மீ. இடம் விட்டு இறுக்கிவிட்டால் கதவு அதைத் தாண்டாது. சாவியைப் பிள்ளைக்கு எட்டாத இடத்தில் வையுங்கள், ஆனால் வீட்டிலுள்ள எல்லாப் பெரியவர்களுக்கும் அந்த இடம் தெரிய வேண்டும். விரலால் திருகிக் கழற்றுகிற வகையை வாங்காதீர்கள், உங்கள் மகன் ஒரு வாரத்தில் பாஸ் ஆகிவிடுவான். ஒட்டுப் பசையோடு வரும் பிளாஸ்டிக் பூட்டும் வேண்டாம். வெயிலில் பசை இளகிக் கையோடு வந்ததை நானே பார்த்திருக்கிறேன்.

மாட்டியதும் கதவை நீங்களே பலமாக இழுத்துப் பாருங்கள். பிறகு மாதம் ஒருமுறை.

இன்னொன்று. தீப்பிடித்தால் தப்பிக்க ஜன்னல்தான் வழி என்றிருக்கும் அறையில், பெரியவர் ஒருவர் உள்ளிருந்தபடி சட்டென்று விடுவிக்கும் வகையாகப் பார்த்து வாங்குங்கள். நிரந்தரமாக ஆணி அடித்து மூடுவது ஒரு ஆபத்தை எடுத்துவிட்டு இன்னொன்றை உள்ளே வைப்பது.

#7 பாலர்வகுப்பு

கண்ணாடிக்காரர் ஐயா சொன்னதைச் செய்துவிட்டு இதைப் படியுங்கள் மழைத்துளி. வரிசை அதுதான்.

நான் மூன்று, நான்கு வயதுப் பிள்ளைகளோடு நாள் முழுக்க இருப்பவள். "ஜன்னல் கிட்டப் போகாதே" என்று சொன்னால் அந்தக் காதில் பளிச்சென்று விழும் வார்த்தை "ஜன்னல்" ஒன்றுதான். "போகாதே" வால் மாதிரி கடைசியில் வருகிறது. அதற்குள் கால் கிளம்பிவிடும். சரி, போகாமல் நின்றுவிட்டான் என்றே வைத்துக்கொள்வோம். அடுத்து என்ன செய்ய வேண்டும்? அதை நாம் சொல்லவே இல்லை.

உங்கள் பையன் ஜன்னலுக்குப் போகவில்லை, அப்பாவிடம் போனான். அந்தக் கை அசைப்பை அவன் விடமாட்டான், விடவும் வேண்டாம். அதற்கு ஒரு இடம் கொடுங்கள். ஜன்னலிலிருந்து ஒரு மீட்டராவது தள்ளி, தரையில் பளிச்சென்ற வண்ண டேப்பில் ஒரு கோடு. அவன் கையாலேயே ஒட்டட்டும், கோணலாக இருந்தால் இருக்கட்டும். "இதுதான் டாட்டா கோடு." இரண்டு காலும் கோட்டில், கை பெரியவர் கையில். அங்கிருந்து கீழே தெரியவில்லையா? அப்பாவை எதிர்ப்பக்கம் நடந்து, கோட்டிலிருந்து தெரியும் இடத்தில் ஒரு நொடி நின்று திரும்பிப் பார்க்கச் சொல்லுங்கள். அதுவும் முடியாவிட்டால் டாட்டாவை வீட்டு வாசலுக்கு மாற்றிவிடுங்கள்.

இதை அவர் கிளம்புகிற நேரத்தில் கற்றுக்கொடுக்காதீர்கள். அவசரத்தில் எதுவும் ஏறாது. ஓய்வான ஒரு காலையில் விளையாட்டாக ஐந்து தடவை. ஆறாவது தடவை அவன் ஆசிரியர், கரடி பொம்மை மாணவன். கரடி கோட்டைத் தாண்டும், அவன் திட்டுவான். அவன் வாயால் வருவதைக் கேளுங்கள், எது ஏறியிருக்கிறது, எது ஏறவில்லை என்று தெரிந்துவிடும். என் வகுப்பில் ஒரு வாண்டு கரடியிடம் "நீ போகக் கூடாது, நான் மட்டும்தான் போகலாம்" என்றது. சரிதான், முதலிலிருந்து ஆரம்பி என்று நினைத்துக்கொண்டேன்.

#8 நாற்காலித்தாத்தா

ஐந்து பிள்ளைகள், பதினொரு பேரப்பிள்ளைகள் பார்த்தவன் சொல்கிறேன். கோடும் கரடியும் இருக்கட்டும் அம்மா. பயம் என்று ஒன்று இருந்தால்தான் பிள்ளை கேட்கும். ஒரு பழைய மண்சட்டியை எடுத்து அவன் கண்ணெதிரே மாடியிலிருந்து கீழே போட்டுக் காட்டுங்கள். நொறுங்குவதைப் பார்த்தால் சாகும்வரை மறக்காது.

#9 இரட்டைவால்அப்பா

தாத்தா, மன்னிக்க வேண்டும், இதை நாங்கள் செய்து பார்த்திருக்கிறோம். சட்டிக்குப் பதிலாக உடைந்த பிளாஸ்டிக் பொம்மை. கீழே யாரும் இல்லை என்று பார்த்துவிட்டுத்தான் போட்டோம். என் இரண்டு வால்களும் வாய் பிளந்து பார்த்தன. பாடம் ஏறிவிட்டது என்று நானும் என் மனைவியும் பெருமைப்பட்டுக்கொண்டோம்.

மறுநாள் காலை டிவி ரிமோட் போனது. மத்தியானம் ஒரு செருப்பு. சாயங்காலம் வண்டிச் சாவி. ஒவ்வொன்றும் "டம்" என்று விழுகிறதா என்று எட்டிப் பார்க்கிறார்கள்! எட்டிப் பார்ப்பதற்கு நாமே பயிற்சி கொடுத்த கதையாகிவிட்டது.

#10 நாற்காலித்தாத்தா

சாவி கிடைத்ததா?

#11 இரட்டைவால்அப்பா

கிடைத்தது தாத்தா, கீழ்வீட்டுப் பூந்தொட்டியில்.

#12 வெள்ளைச்சீருடை

அவசரப் பிரிவில் நர்ஸாக இருக்கிறேன். தாத்தா கோபிக்கக் கூடாது, பயமுறுத்துவது பற்றி ஒன்று சொல்ல வேண்டும். மூன்று வயதுப் பிள்ளைக்கு உயரம் என்றால் என்ன என்று கணக்குப் போடத் தெரியாது. சட்டி உடைவதைப் பார்த்தால் "சட்டி உடையும்" என்றுதான் புரியும், "நானும் உடைவேன்" என்ற பாலத்தை அதன் மூளை இன்னும் கட்டவில்லை. பயந்த பிள்ளை இன்னொன்றும் செய்யும். ஒளிந்து செய்யும். ஜன்னல் விஷயத்தில் அதுதான் எனக்குப் பெரிய பயம்.

பெரியவர்கள் பலரும் நினைக்காத ஒன்றையும் சொல்கிறேன். பிறக்கும்போது குழந்தையின் நீளத்தில் ஏறக்குறைய நான்கில் ஒரு பங்கு தலை. நமக்கு ஏழில், எட்டில் ஒரு பங்கு. மூன்று நான்கு வயதிலும் தலை கனமாகத்தான் இருக்கும், உடம்பின் பாரம் நம்மைவிட மேலே நிற்கும். நாம் ஜன்னலில் எட்டிப் பார்த்தால் இடுப்புக்குக் கீழே உள்ள கனம் நம்மைப் பின்னுக்கு இழுத்துப் பிடிக்கும். பிள்ளைக்கு அந்தப் பிடிப்பு இல்லை. மார்பு திண்டைத் தாண்டினால் தலை முன்னே இழுத்துக்கொண்டு போய்விடும். அதனால்தான் "கொஞ்சம் எட்டிப் பார்த்தான், அவ்வளவுதான்" என்கிறார்கள். அந்தக் கொஞ்சமே போதும்.

எங்களிடம் வரும் பிள்ளைகளின் பெற்றோர் அசட்டையானவர்கள் என்று யாரும் நினைக்க வேண்டாம். அம்மா அடுத்த அறையில், அப்பா போனில், பாட்டி குளியலறையில். நான் பார்த்தவரை பதினைந்தாவது மாடியைவிட முதல், இரண்டாம் மாடிதான் அதிகம். உயர மாடியில் இருப்பவர்களுக்குப் பயம் இருக்கிறது, பூட்டி வைக்கிறார்கள்.

மழைத்துளி, நீங்கள் கத்தாதது சரி. பிள்ளை திண்டில் இருக்கும்போது பின்னால் இருந்து கத்தினால் திடுக்கிட்டுத் திரும்பும், அல்லது துரத்தும் விளையாட்டென்று நினைத்து முன்னே நகரும். சாதாரணக் குரலில் பேசிக்கொண்டே பக்கத்தில் போய் உடம்பைப் பிடிக்க வேண்டும். திட்டுவதெல்லாம் தரைக்கு வந்த பிறகு.

சொல்ல மனமில்லை, ஆனாலும் சொல்லிவிடுகிறேன். எந்தப் பிள்ளையாவது விழுந்துவிட்டால், ஆபத்தான இடத்தில் இருந்தாலொழிய தூக்காதீர்கள், கழுத்தை அசைக்காதீர்கள், உடனே ஆம்புலன்ஸ். எழுந்து நின்று அழுகிறது, நன்றாகத்தான் இருக்கிறது என்று வீட்டிலேயே வைத்துக்கொள்ளவும் கூடாது. தலைக்குள் பட்ட அடி சில மணி நேரம் கழித்து வாந்தியாகவோ அசாதாரணத் தூக்கமாகவோ காட்டும்.

#13 வாடகைக்கிளி

எங்களுடையது வாடகை வீடு. சுவரில் ஆணி அடித்தாலே வீட்டுக்காரர் முகம் மாறும். ஜன்னலில் ஸ்க்ரூ போட எங்கே விடப் போகிறார்? எனவே எங்களுக்குச் "சொல்லிக்கொடுப்பது" ஒன்றுதான் வழி.

#14 பழையதாள்

பழைய செய்திகளைத் தோண்டும் பழக்கம் உள்ளவன். இது உங்களுக்குப் பயன்படலாம்.

நியூயார்க்கில் 1970களின் தொடக்கத்தில் சிறு பிள்ளைகள் ஜன்னலிலிருந்து விழுந்து இறப்பது நகரத்துக்கே பெரிய தலைவலியாக இருந்தது. 1972இல் நகரச் சுகாதாரத் துறை பிராங்ஸ் பகுதியில் ஒரு திட்டம் ஆரம்பித்தது. பெயர் "குழந்தைகளால் பறக்க முடியாது". வீடு வீடாகப் போய்ப் பெற்றோரிடம் பேசினார்கள். பேச்சோடு விடவில்லை, சிறு பிள்ளைகள் உள்ள வீடுகளுக்கு ஜன்னல் தடுப்புக் கம்பியை இலவசமாகக் கொடுத்தார்கள். 1973இலிருந்து 1975க்குள் பிராங்ஸில் பதிவான விழுதல்கள் பாதியாகக் குறைந்தன. 1976இல் நகரம் முழுமைக்கும் விதி வந்தது. 10 வயதோ அதற்குக் குறைவோ உள்ள பிள்ளை இருக்கும் அடுக்குமாடி வீட்டுக்கு வீட்டுச் சொந்தக்காரர்தான் தடுப்பு மாட்டித் தர வேண்டும்.

நியூ சவுத் வேல்ஸிலும் இதே கதைதான். அடுக்குமாடிக் கட்டடங்களில் ஜன்னல் தடுப்பு மாட்டி முடிக்க 2018 மார்ச் வரை கெடு வைத்தார்கள். 250 நியூட்டன் விசையை அது தாங்க வேண்டும். ஏறத்தாழ 25 கிலோ எடை சாய்ந்து தள்ளுவதற்குச் சமம்.

இரண்டு இடத்திலும் பொறுப்பைப் பிள்ளையின் தலையில் யாரும் வைக்கவில்லை, கவனித்தீர்களா?

#15 கண்ணாடிக்காரர்

வாடகைக்கிளி, நான் மேலே சொன்ன இறுக்கும் ஸ்டாப்பருக்குத் துளை வேண்டாம். வீடு காலி செய்யும்போது கழற்றிக்கொண்டு போகலாம். அது கிடைக்கும்வரை, டிராக்கில் கதவு நகரும் நீளத்தை அளந்து, அதில் பத்து சென்டிமீட்டர் குறைத்து ஒரு மரக்கட்டையை வெட்டி உள்ளே படுக்க வையுங்கள், கதவு பத்து சென்டிமீட்டரில் முட்டி நிற்கும். நாலு வயதுப் பிள்ளை அதைத் தூக்கி எடுத்துவிடும் என்பதால் அது தற்காலிகம்தான். வெளியே திறக்கும் ஜன்னலுக்குத்தான் ஸ்க்ரூ தேவைப்படும். அதற்கு வீட்டுக்காரரிடம் வாயால் கேட்காதீர்கள், எழுதிக் கேளுங்கள். எழுத்தில் "முடியாது" என்று பதில் போட மனிதர்களுக்குக் கை வராது. அனுபவத்தில் சொல்கிறேன்.

கம்பி இருக்கிறதே என்று நிம்மதியாக இருப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. குறுக்குக் கம்பி என்றால் அது ஏணி. பிள்ளை ஏறும், மேல் பாகம் திறந்திருந்தால் தாண்டும். நெடுக்குக் கம்பி நல்லது, அதிலும் இடைவெளி அந்தப் பத்துதான்.

#16 தூக்கமில்லாதவள்

ஜன்னல் என்றதும் எல்லோரும் வெளியே விழுவதையே பேசுகிறோம். ஜன்னல் மறைப்பாக மாட்டும் பிளைண்ட்ஸின் கயிறு? என் மகள் இரண்டு வயதில் அந்த வளையக் கயிற்றைக் கழுத்தில் மாலையாகப் போட்டுக்கொண்டு கண்ணாடி முன் நின்று அழகு பார்த்தாள். அன்றே கழற்றிவிட்டேன்.

#17 வெள்ளைச்சீருடை

மிகச் சரி. வளையமாகத் தொங்கும் கயிறு சத்தமே இல்லாமல் உயிரை எடுக்கும், கத்தக்கூட முடியாது. கயிறே இல்லாத வகைக்கு மாறுவது உத்தமம். முடியாவிட்டால் சுவரில் கொக்கி அடித்து, கயிறு தரையிலிருந்து ஒன்றரை மீட்டருக்குக் கீழே வராதபடி சுற்றிக் கட்டுங்கள். தொட்டில், கட்டில் எதையும் அந்த ஜன்னலடியில் போடாதீர்கள். இதற்கெல்லாம் "சொல்லிக்கொடுப்பது" என்ற பேச்சே கிடையாது.

#18 எண்ணெழுத்து

இழையை முதலிலிருந்து படித்தேன். எனக்கு ஒரு சந்தேகம். ஸ்டாப்பர் மாட்டியாயிற்று, பெட்டியை நகர்த்தியாயிற்று. அப்புறம் எதற்குக் கோடு, கரடி? மூன்று வயதுப் பிள்ளை சொன்னதைக் கேட்கும் என்று நம்புவதே தவறு என்று நர்ஸ் அம்மாவே சொல்லிவிட்டார். பூட்டோடு விட்டுவிடலாமே?

#19 வெள்ளைச்சீருடை

நம்பி இருக்கக் கூடாது என்றேன், சொல்லவே கூடாது என்று சொல்லவில்லை.

#20 பாலர்வகுப்பு

எண்ணெழுத்து, உங்கள் வீட்டுக்குப் பூட்டு போதும், சித்தி வீட்டுக்கு? லீவுக்குப் போகும் மாமா வீட்டுக்கு? அங்கெல்லாம் ஸ்டாப்பர் இருக்காது, கட்டில் ஜன்னலை ஒட்டித்தான் கிடக்கும். பிள்ளை அங்கே கூட எடுத்துப்போகக்கூடியது பழக்கம் ஒன்றைத்தான்.

அந்தப் பழக்கமும் தானாக இடம் மாறாது. என் மகளுக்கு நாலு வயதில் எங்கள் வீட்டு ஜன்னல் அத்தனையும் அத்துப்படி. கோட்டில் நின்றுதான் பார்ப்பாள். என் அக்கா வீட்டுக்குப் போனோம். அங்கே தரைவரை இறங்கும் பெரிய ஜன்னல், பால்கனிக் கதவு மாதிரி. ஓடிப்போய் அதன் கைப்பிடியில் தொங்குகிறாள். "ஜன்னல் வந்தா என்ன பண்ணணும்?" என்று கேட்டேன். "இது ஜன்னல் இல்லம்மா, கதவு" என்கிறாள். அவளைப் பொறுத்தவரை நியாயமான பதில். ஜன்னல் என்றால் எங்கள் வீட்டுப் பச்சை ஃபிரேம்தான்.

அதிலிருந்து எந்த வீட்டுக்குப் போனாலும் செருப்பைக் கழற்றியதும் இருவரும் ஒரு சுற்றுப் போவோம். "இந்த வீட்டில் எத்தனை ஜன்னல்?" அவள் எண்ணுவாள். எது திறந்திருக்கிறது, எதன் கீழே ஏற ஏதாவது கிடக்கிறது என்று அவளே சொல்வாள். விருந்தாளியாகப் போய் வேவு பார்க்கிற மாதிரி முதலில் எனக்கே வெட்கமாகத்தான் இருந்தது. இப்போது என் அக்கா, நாங்கள் வருவதற்கு முன்பே கட்டிலை நகர்த்திவிடுகிறாள்.

#21 எண்ணெழுத்து

சரி, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஒன்றரை வயதுக்கு?

#22 பாலர்வகுப்பு

ஒன்றரை வயதுக்குப் பூட்டு மட்டும்தான். அண்ணன் செய்வதைப் பார்த்து ஏதாவது ஒட்டிக்கொண்டால் லாபம்.

#23 மழைத்துளி

எல்லோருக்கும் நன்றி. இரண்டு நாளாக எழுதலாமா வேண்டாமா என்று இருந்தேன், எழுதிவிடுகிறேன்.

இந்த இழையைப் படித்துவிட்டு, அந்தத் திண்டில் ஏற அவனுக்கு யார் சொல்லிக்கொடுத்தது என்று யோசித்துப் பார்த்தேன். நான்தான். அவனுக்குப் பத்து மாதம் இருக்கும்போது அழுகையை நிறுத்த அந்தத் திண்டில்தான் உட்கார வைப்பேன், ஒரு கையால் வயிற்றைப் பிடித்துக்கொண்டு. மழை பார்த்தது அங்கேதான். குப்பை வண்டி பார்த்தது அங்கேதான். என் போனில் அவன் சிரிக்கும் படங்களில் பாதி அந்தத் திண்டில் எடுத்தவை. அது அவனுடைய நாற்காலி. நானே உட்கார வைத்துவிட்டு, நானே அடித்திருக்கிறேன்.

#24 நாற்காலித்தாத்தா

அழாதே அம்மா. நானும் என் பேரனை அப்படித்தான் வைத்திருந்தேன், என் பெயரே பார். நேற்றுவரை ஜன்னலோரத்தில் நாற்காலி போட்டுத்தான் உட்கார்ந்திருப்பேன். கீழே யாராவது போனால் தலையை வெளியே நீட்டிப் பேசுவேன். இந்த இழையைப் படித்த பிறகு இன்று காலை நாற்காலியை நடுக்கூடத்துக்கு இழுத்துவிட்டேன். தெரு தெரியவில்லை. எரிச்சலாகத்தான் இருக்கிறது.

மண்சட்டி யோசனையையும் வாபஸ் வாங்கிக்கொள்கிறேன்.

#25 பாலர்வகுப்பு

மழைத்துளி, அவனுக்கு வேறு நாற்காலி கொடுங்கள். திறக்காத கண்ணாடி உங்கள் வீட்டில் எங்காவது இருக்கிறதா? வெளியே தெரிகிற மாதிரி, அழுத்தமாக மூடியது? பலமான கண்ணாடிதானா என்று கண்ணாடிக்காரர் ஐயாவைக் கேட்டுக்கொள்ளுங்கள். அதற்கு முன்னால் தரையில் ஒரு பாய். வேடிக்கை பார்க்கும் இடம் இனி அதுதான். பழைய இடத்தை வெறுமனே பிடுங்கினால் திரும்பப் போய்க்கொண்டேதான் இருப்பான்.

#26 கண்ணாடிக்காரர்

கண்ணாடி மூலையில் சின்னதாக ஒரு முத்திரை அச்சு இருக்கும், டெம்பர்டு என்றோ லேமினேட்டட் என்றோ. டெம்பர்டு உடைந்தால் கூர்மையில்லாத சிறு துண்டுகளாக உதிரும். லேமினேட்டட் விரிசல் விட்டாலும் நடுவில் உள்ள படலம் பிடித்து வைத்துக்கொள்ளும். மாடியில், பிள்ளை சாயக்கூடிய இடத்துக்கு நான் இரண்டாவதைத்தான் சொல்வேன். அச்சே இல்லாத பழைய சாதாரணக் கண்ணாடி என்றால் அதன்முன் பாய் விரிக்காதீர்கள்.

#27 மழைத்துளி

இரண்டு வாரம் கழித்து வருகிறேன். நிலவரம் இது.

ஸ்டாப்பர் மூன்று ஜன்னலுக்கும் மாட்டியாயிற்று. பந்தை வைத்துப் பார்த்தேன், நுழையவில்லை. ஒரு ஜன்னலில் மட்டும் சரியாக இறுகாமல் இழுத்ததும் நகர்ந்தது, திரும்ப இறுக்கினேன். இழுத்துப் பார்க்கச் சொல்லாவிட்டால் தெரிந்தே இருக்காது.

படிக்கட்டுப் பக்கம் திறக்காத கண்ணாடி ஒன்று இருக்கிறது, மூலையில் லேமினேட்டட் என்று அச்சும் இருந்தது. அங்கே பாய் போட்டேன். முதல் மூன்று நாள் அதை ஏறெடுத்தும் பார்க்கவில்லை. நான்காம் நாள் குப்பை வண்டி அந்தப் பக்கமாக வந்தது, அதோடு பாய் அவனுக்குச் சொந்தமாகிவிட்டது.

டாட்டா கோடு, சிவப்பு டேப், அவனே ஒட்டியது, பாம்பு மாதிரி வளைந்திருக்கிறது. அவர் எதிர்ப்பக்க விளக்குக் கம்பத்தடியில் நின்று கை காட்டுகிறார். பத்து நாள் ஒழுங்காகப் போனது. பதினோராம் நாள் அவர் அவசரத்தில் நிற்காமல் போய்விட்டார். பையன் கோட்டைத் தாண்டி ஓடி ஜன்னல் கதவைப் பிடித்து இழுத்தான். பத்து சென்டிமீட்டரில் முட்டி நின்றது. அந்தச் சத்தம் கேட்டதும் எனக்குக் கண்ணாடிக்காரர் ஐயாவைக் கையெடுத்துக் கும்பிடத் தோன்றியது. அவருக்குப் போன் போட்டுத் திட்டினேன் (கணவரை), இப்போது தவறாமல் நிற்கிறார்.

கரடிக்கு வகுப்பு தினமும் நடக்கிறது. "கரடி, உன் தலை கனம்" என்கிறான். நர்ஸ் அக்கா எழுதியதை அவனிடம் ஒரு தடவைதான் சொன்னேன்.

ஒரு புதுப் பிரச்சினை. மகள் இப்போது அண்ணனைப் பார்த்துக் கோட்டில் வந்து நிற்கிறாள். உயரம் போதவில்லை. நேற்று அடுத்த அறையிலிருந்து பொம்மைப் பெட்டியைத் தள்ளிக்கொண்டே வந்து, கோட்டின் மேல் வைத்து, அதில் ஏறி நின்று டாட்டா காட்டினாள்.

#28 இரட்டைவால்அப்பா

விதியை மீறவில்லையே, கோட்டில்தானே நிற்கிறாள்!

#29 கண்ணாடிக்காரர்

அந்தப் பெட்டிக்குச் சக்கரம் இருக்கிறதா?

#30 மழைத்துளி

இருக்கிறது. நான்கு. நான் இதுவரை அதைக் கவனித்ததே இல்லை.

#31 கண்ணாடிக்காரர்

ஸ்டார் ஸ்க்ரூவாகத்தான் இருக்கும். இன்று இரவு பிள்ளைகள் தூங்கியதும் கழற்றிவிடுங்கள்.